தவமணியிடம் குளிர் காய்ந்தவர்கள்

ஓடைமேடு எஸ்டேட்டின் மூன்றாம் டிவிஷனில் உறைபனி விழத் தொடங்கி இருபத்து மூன்று நாள் ஆகியிருந்தது. காலை ஏழரைக்குப் பெரட்டுக் களத்தில், அதாவது பேர் கூப்பிட்டு வேலை பிரித்துக் கொடுக்கும் அந்தச் சரிவான புல்வெளியில், நாற்பத்திரண்டு பெண்கள் உரச்சாக்கைத் தலைக்குக் கொங்காணி போட்டுக்கொண்டு நின்றார்கள். ரவிக்கைக்குள் பழைய செய்தித்தாள், கால்களில் பிளாஸ்டிக் பை, அதன் மேல் கிழிந்த செருப்பு, கைகளுக்கோ ஒன்றுமில்லை. சூப்பர்வைசர் ஜெகநாதன் மட்டும் குரங்குக் குல்லா, மப்ளர், ஸ்வெட்டர், ஸ்வெட்டரின் மேல் கோட்டு என்று மூட்டை மாதிரி நின்று பேர் கூப்பிட்டார்.

அன்று அவருக்கு ஒரு குறை இருந்தது. முந்தின நாள் மத்தியானம் முழுக்க இந்தப் பெண்கள் ஏழாம் நம்பர் காட்டில் இளந்தேயிலைச் செடிகளின் மேல் பனி விழாமலிருக்கக் காய்ந்த தாகைச் செடியை வெட்டி வந்து, ஒவ்வொரு செடிக்கும் போர்த்திவிட்டு வந்திருந்தார்கள். அதில் ஒரு நிரையில் பதினோரு செடிகள் போர்த்தாமல் விட்டுப்போய், விடிவதற்குள் கருகிவிட்டன.

"யாரு நெரை அது?"

"என் நெரைதாங்க," என்றாள் தவமணி. அவளுக்கு வயது நாற்பத்து நான்கு. இருபத்தாறு வருஷமாகக் கொழுந்து பறிப்பவள், ஒரு செடியையும் தவற விட்டதில்லை. ஆனால் ஒன்பதாம் நாள் பனியிலேயே அவள் விரல்கள் மரத்துவிட்டன. தொட்டது செடியா வெறுங்காற்றா என்று விரல்தானே சொல்லவேண்டும்?

"செடிக்குக் கூதல் அடிக்காதா? வாயில்லா சீவன், அது வந்து உங்கிட்ட கேக்குமா? சூடு சொரணை இருக்கா ஒனக்கு? இன்னிக்கு ஒனக்கு அரைப்பேருதான், போ."

அரைப்பேர் என்றால் முழுநாள் வேலை செய்தாலும் பாதி நாள் வந்ததாகத்தான் எழுதுவார்கள். தவமணி அதைக்கூட நினைக்கவில்லை. வருஷத்துக்கு ஒரு கம்பளி என்று எஸ்டேட் ஒப்பந்தத்தில் எழுதிக் கையெழுத்துப் போட்டவர்கள், நாலு வருஷமாக லாரி வரவில்லை, மில்லில் ஸ்டிரைக், அடுத்த மாசம் பார்க்கலாம் என்று இழுத்தடிப்பவர்கள், அந்த நாக்கை வைத்துக்கொண்டே செடிக்குக் கூதல் அடிக்காதா என்று கேட்கிறார்களே என்று நினைத்தாள். அப்படி நினைத்தபோது அவளுடைய அடிவயிற்றில் ஏதோ பற்றிக்கொண்டது. அது மார்புக்கு ஏறி, தோளுக்கு ஏறி, விரல்களுக்கு இறங்கியது. அவள் காலடியில் ஒரு முறத்தளவுக்குப் பனி உருகி, கறுப்பாக மண் தெரிந்தது.

பக்கத்தில் நின்ற பிலோமினா முதலில் பார்த்தாள். மூன்றாம் டிவிஷனிலேயே வாயில்லாப் பூச்சி என்று பேர் வாங்கியவள், கோயில் மணியடித்தால்கூடத் தன்னைத்தான் திட்டுகிறார்களோ என்று தலைகுனிகிறவள்.

"அக்கா, ஒன் மேல ஆவி வருதுக்கா."

"வரட்டும்டி."

"கொஞ்சம் ஒட்டி நின்னுக்கவா?"

இதுதான் அந்த அதிசயத்தைப் பற்றி மூன்றாம் டிவிஷன் கேட்ட முதல் கேள்வி. கடைசிவரை வேறு கேள்வி எதுவும் கேட்கப்படவில்லை. ஏன், எப்படி, எந்த சாமி என்றெல்லாம் கேட்க, இருபத்து மூன்று நாளாக விறைத்துக் கிடப்பவர்களுக்குத் தெம்பு ஏது? அன்று பத்து மணி டீக்கு நாற்பத்தொரு பேரும் தவமணியைச் சுற்றி வட்டமாக உட்கார்ந்து கைகளை நீட்டினார்கள். யாரோ ஒருத்தி ஆறிப்போன டீத்தூக்கை அவள் மடியில் வைத்தாள். ஐந்து நிமிஷத்தில் டீ கொதித்தது.

ஒரு வாரத்துக்குள் தவமணி இல்லாமல் மூன்றாம் டிவிஷன் ஒருநாளும் இருந்ததில்லை என்பது போல ஆகிவிட்டது. வரிசையாக ஒட்டிக் கட்டிய லயத்து வீடுகளிலிருந்து ஈரத் துணியைக் காயப்போட அவள் வீட்டுக்கு வந்தார்கள், கைப்பிள்ளைகளைக் குளிப்பாட்ட வந்தார்கள், உறைந்துபோன தேங்காயெண்ணெய் பாட்டிலை நீட்டி, "இதைக் கொஞ்சம் பிடிச்சுட்டுக் குடுக்கா" என்றார்கள். பத்து வருஷமாகச் சுவர்ப் பக்கம் திரும்பியே படுத்த அவள் புருஷன் காளிமுத்து, பாயை அவள் பக்கமாக இழுத்துப்போட்டு, "ஒன் அருமை எனக்கு எப்பவுமே தெரியும்" என்றான். எஸ்டேட் டிஸ்பென்சரிக் கம்பவுண்டர் அவள் நாக்கடியில் தெர்மாமீட்டரை வைக்க, அது டப்பென்று உடைந்தது. அவர் சீட்டில் 'சாதாரணம்' என்று எழுதி இரண்டு மாத்திரை கொடுத்தார், எல்லாருக்கும் கொடுக்கும் அதே மாத்திரை.

சூடு எதனால் ஏறுகிறது, எதனால் இறங்குகிறது என்பதை மட்டும் அந்தச் சனம் மிகத் துல்லியமாகக் கற்றுக்கொண்டது. சும்மா இருந்தால் மத்தியானத்துக்குள் அவள் ஆறிவிடுவாள். ஒரு அநியாயத்தைக் காதில் போட்டால் மறுபடி ஏறும். எடை போடும்போது ஈரக்கழிவு என்று மூன்று கிலோ குறைத்தார்கள் என்றால் ஒரு சேலை காயும் அளவுக்குச் சூடு. நிறைமாசக்காரியை மேட்டுக் காட்டுக்கு அனுப்பினார்கள் என்றால் அரிசி வேகும் அளவுக்கு. ஆம்புலன்ஸ் கேட்டதற்கு, டீசல் இல்லை என்று சொல்லிவிட்டு அதே வண்டியில் பங்களாவுக்கு நாய் பிஸ்கட் வாங்கிவந்தார்கள் என்ற சேதிக்குக் களத்தில் பாதிப் பனி உருகியது. அதனால் முறை வைத்துக்கொண்டார்கள். திங்கட்கிழமை இந்த வீடு, செவ்வாய்க்கிழமை அந்த வீடு என்று, முறை வருகிறவள் காலையில் ஒரு புது அநியாயத்தைக் கொண்டுவர வேண்டும். கொண்டுவருகிறவளுக்குத் தவமணிக்கு வலப்பக்கம் இடம். பழசைச் சொன்னால் சூடு வராது. உள்ளூரில் தீர்ந்துபோனபோது பக்கத்து எஸ்டேட்டிலிருந்து கடன் வாங்கினார்கள், கட்டிக்கொடுத்த பெண்ணுக்குப் போன் போட்டு, "ஒங்க ஊர்ல எதாச்சும் அக்கிரமம் நடந்துச்சாடி?" என்று ஆசையாகக் கேட்டார்கள். அதுவும் இல்லாத நாளில் ஒருத்தி இட்டுக்கட்டிச் சொன்னாள். தவமணியின் முகத்தைப் பார்த்தே அது வேகவில்லை என்று தெரிந்துபோயிற்று.

இப்படியாக மூன்றாம் டிவிஷனின் குறைகள் எல்லாம் அடுப்புக்குப் போயின. முன்பு, முணுமுணுப்பாகவாவது, ஆபீஸ் ஜன்னலுக்கு முன்னால் போய் நின்று தலையைச் சொறிந்தாவது, ஏதோ ஒன்றைச் சொல்லிவிட்டு வருவார்கள். இப்போது யாரும் ஆபீஸ் பக்கம் எட்டிப் பார்ப்பதில்லை. ஆபீசில் சொன்னால் என்ன கிடைக்கும்? தவமணியிடம் சொன்னால் கை சூடாகும். சொல்லிவிட்டு, கையைத் தேய்த்துக்கொண்டு, நிம்மதியாக வேலைக்குப் போனார்கள். ஜெகநாதனே டீ நேரத்தில் கோட்டைக் கழற்றித் தோளில் போட்டுக்கொண்டு வந்து வட்டத்தில் உட்கார ஆரம்பித்தார்; சூடு கொஞ்சம் குறைந்தால் அவரே, "ஏய் தவமணி, என்ன மசமசன்னு இருக்க" என்று ஒரு வசவைத் தூக்கிப் போடுவார், குமுட்டி அடுப்புக்கு விசிறுவதுபோல. அவர் விசிறியதற்கு நாற்பத்தொரு பேரும் சிரித்தார்கள் என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

தவமணி இளைத்துப்போனாள். கைவளையல் முழங்கை வரை ஏறியது. படுத்த பாய் கரிந்தது, தூக்கம் போனது, சோற்றைத் தட்டில் போட்டால் கை பட்ட இடம் தீய்ந்தது. ஊரார் அநியாயத்தையெல்லாம் ஒரு வயிற்றில் போட்டு எரித்தால் அந்த வயிறு என்ன ஆகும்?

"பிலோமி, கம்பளி வந்தாத்தாண்டி நான் அவிய முடியும்," என்றாள் ஒருநாள், கொழுந்துக் கூடையை இறக்கி வைக்க முடியாமல் வைத்துவிட்டு. "இல்லாட்டி இந்தப் பனி முடியறதுக்குள்ள நான் முடிஞ்சுருவேன்."

"கேப்போம்க்கா. கண்டிப்பா கேப்போம்." பிலோமினா கைகளை அவள் முதுகுப் பக்கம் நீட்டியிருந்தாள். "ஆளுக்கு ஆள் சொல்லிக்கிட்டுத்தான் இருக்காங்க."

"யாரு கிட்ட?"

பிலோமினா யோசித்தாள். "ஒங்கிட்டதான்."

மேனேஜரை அங்கே தொரை என்றுதான் சொல்வார்கள். அவர் ஜீப் ஒருமுறை காட்டு ரோட்டில் நின்றது. தவமணி மட்டும் எழுந்து போய்க் கேட்டாள், கம்பளி என்ன ஆயிற்று என்று. தொரை ஜீப்பை விட்டு இறங்காமல் வட்டத்தைப் பார்த்தார், சிவந்த கன்னங்களைப் பார்த்தார், அவிழ்த்துப் போட்டிருந்த கொங்காணிகளைப் பார்த்தார்.

"ஒங்களுக்கு இப்ப என்ன அவசரம்?" என்றார். "நல்லாத்தானே இருக்கீங்க. கஷ்டப்படுற டிவிஷனுக்கு மொதல்ல குடுப்போம்."

அன்று அவள் கோபத்தில் பக்கத்துப் பாறையில் இருந்த பாசி காய்ந்து உதிர்ந்தது. வட்டத்தில் இருந்தவர்கள், "இன்னிக்கு சாயங்காலம் வரைக்கும் தாங்கும்" என்று சந்தோஷப்பட்டார்கள்.

நாற்பத்தாறாம் நாள் தொழிலாளர் நல ஆய்வாளர் வந்தார். அவரை வரவழைத்ததே தவமணிதான். காளிமுத்துவின் தங்கை மகனை வைத்து எழுதி, தன் கையால் பிடித்தால் எரிந்துபோகும் என்று இடுக்கியால் பிடித்துத் தபால் பெட்டியில் போட்ட கடிதம் அது. வருகிறார் என்று தெரிந்ததும் அவள் எல்லாரிடமும் சொன்னாள்: "அவரு வரும்போது எங்கிட்ட வராதீங்க. தள்ளி நில்லுங்க. நடுங்குறவங்க நடுங்குங்க, விரலைக் காட்டுங்க, வெடிச்ச காலைக் காட்டுங்க." எல்லாரும் தலையாட்டினார்கள். ஆனால் ஆய்வாளரின் வண்டி வரத் தாமதமாயிற்று, மேட்டுக் காற்று வீசியது, ஒருத்தி ஒரு நிமிஷம் என்று வந்தாள், அவளைப் பார்த்து இன்னொருத்தி வந்தாள், பிலோமினாவும் வந்தாள். வண்டி வந்து நின்றபோது நாற்பத்தொரு பேரும் பழக்கதோஷத்தில் அவளைச் சுற்றி நெருக்கியடித்து உட்கார்ந்து, நெற்றி வியர்வையைத் துடைத்துக்கொண்டிருந்தார்கள்.

ஆய்வாளர் மலைக்குப் புதுசு. மூக்கு ஒழுக, பேனா பிடிக்க முடியாமல் வந்தவர், வட்டத்துக்குள் வந்ததும், "அப்பாடா" என்றார். கையை நீட்டிக் காய்ந்தார். தவமணி மடியில் கொதித்த டீயை இரண்டு டம்ளர் குடித்தார். குடித்துவிட்டு, விரல் நன்றாக மடங்குகிறதா என்று பார்த்துக்கொண்டு, அவள் கண்ணெதிரிலேயே எழுதினார்: 'பணியிடத்தில் போதிய வெப்பம் உள்ளது. தொழிலாளர்கள் குளிரால் பாதிக்கப்பட்டதாகத் தெரியவில்லை.'

"சார், இது என் சூடு சார்," என்றாள் தவமணி. "எஸ்டேட் சூடு இல்ல."

"யார் சூடும்மா முக்கியம்? இருக்கா இல்லையா, அதான் எனக்குக் கணக்கு," என்று சொல்லி, பத்திரமாக மப்ளரைச் சுற்றிக்கொண்டு அவர் வண்டியேறினார்.

வண்டி வளைவில் மறையும் வரை நாற்பத்தொரு பேரும் பார்த்தார்கள். வெட்கம் என்ற ஒன்று அவர்களைக் கடந்து போனது, நிற்கவில்லை. ஏனென்றால் அதற்குள் தவமணியிடமிருந்து இதுவரை யாரும் காணாத அனல் அடிக்கத் தொடங்கியிருந்தது. இருபது அடிக்கு அப்பாலிருந்த தேயிலைச் செடிகளின் வாதுகளில்கூடப் பனி சொட்டியது. ஒவ்வொருத்தியாகக் கைகளை நீட்டினாள். தவமணி அந்தக் கைகளைப் பார்த்தாள். கறுத்த, வெடித்த, நகம் பிளந்த எண்பத்திரண்டு கைகள். ஒன்றுகூட ஆபீஸ் பக்கம் நீளவில்லை, எல்லாம் தன்னைப் பார்த்தே நீள்கின்றன. அவள் எழுந்தாள். சரிவில் இறங்கி நடந்தாள். அவள் போன தடத்தில் புல் பழுத்தது.

கீழே தடுப்பணை. ஓரத்தில் விரற்கடை கனத்துக்குப் பனிக்கட்டி கட்டிக் கிடந்த தண்ணீர்.

பின்னால் ஓடிவந்த பிலோமினாவுக்கு அவள் செய்யப்போவது புரிந்துவிட்டது. "வேணாம்க்கா! அப்புறம் எங்களுக்கு?"

"அதுக்குத்தாண்டி போறேன்."

அவள் இறங்கினாள். முழங்கால் வரை இறங்கியபோது பனிக்கட்டி சடசடவென்று வெடித்தது. இடுப்பு வரை இறங்கியபோது தண்ணீர் கொதித்துக் குமிழியிட்டது. கழுத்து வரை இறங்கியபோது எழுந்த ஆவி சரிவையும் லயங்களையும் ஸ்டோர்க் கூரையையும் மூடி, அரைமணி நேரம் அண்டை ஆள் முகம் தெரியவில்லை. ஆவி விலகியபோது அவள் கரையில் உட்கார்ந்து, உதடு நீலம் பாரித்து, கடகடவென்று பல்லடித்துக்கொண்டிருந்தாள். கோபம் போகவில்லை. சூடுதான் போயிற்று. இரண்டும் வேறு வேறு என்று அவளுக்கே அப்போதுதான் தெரிந்தது. பிலோமினா தன் சாக்கை எடுத்து அவளுக்குப் போர்த்தினாள். அந்த உடம்பைத் தொட்டுப் பார்த்துவிட்டு, மரத்துப்போன தன் விரல்களையும் பார்த்துவிட்டு, ஓவென்று அழுதாள். யாருக்காக அழுதாள் என்று அவளைக் கேட்டால் சொல்லியிருக்க மாட்டாள்.

மூன்று நாள் எல்லாரும் தவமணியைத் திட்டினார்கள். சுயநலக்காரி என்றார்கள், திமிர் பிடித்தவள் என்றார்கள். அவளைப் பார்த்து ஒருத்தி, "சூடு சொரணை இல்லாதவ" என்றே சொல்லிவிட்டாள். காளிமுத்து பாயைப் பழைய இடத்துக்கு இழுத்துக்கொண்டான். திட்டிய எவருக்கும் உடம்பில் ஒரு பொட்டுச் சூடு ஏறவில்லை. இருவருக்குக் கால்விரல் கறுத்தது. நாலாம் நாள் காலை பெரட்டுக் களத்தில் ஜெகநாதன், மறுபடி மூட்டையாகி வந்து, பேர் கூப்பிட ஆரம்பித்தார். கூப்பிட்டால், "ஐயா" என்று சொல்ல வேண்டும். அதுதான் அங்கே முறை.

"தவமணி!"

"கூதலா இருக்குங்க."

ஜெகநாதன் நிமிர்ந்தார். "என்னாது?"

"வந்திருக்கேன். கூதலா இருக்குங்க."

தனக்குக் கூதல் என்று நாலு வருஷமாக அந்தக் களத்தில் எவளும் வாய்விட்டுச் சொன்னதில்லை. தங்களுக்குள் சொன்னார்கள், அடுப்பிடம் சொன்னார்கள், தவமணியிடம் சொன்னார்கள். பேரேட்டைக் கையில் வைத்திருப்பவரிடம் சொன்னதில்லை. அவர் அடுத்த பேரைக் கூப்பிட்டார். அடுத்தவள் தவமணியைப் பார்த்தாள், தன் கால்விரலைப் பார்த்தாள்.

"கூதலா இருக்குங்க."

"பிலோமினா!"

வாயில்லாப் பூச்சியின் வாய் திறந்தது, மூடியது, மறுபடி திறந்தது. "கூதலா இருக்குங்க ஐயா," என்றாள், ஐயாவை விட மனமில்லாமல்.

நாற்பத்திரண்டு பேரும் அதையே சொன்னார்கள். அவர் வேலை பிரித்துச் சொல்லியும் யாரும் காட்டுக்கு இறங்கவில்லை. "என்கிட்ட சொல்லி என்னம்மா ஆகும்? தொரைகிட்ட போய்ச் சொல்லுங்க," என்று, வழக்கமாகத் தட்டிக்கழிக்கச் சொல்லும் பேச்சை அவர் சொன்னார். "சரிங்க," என்று அவர்கள் மேலே நடந்தார்கள்.

மூன்றாம் டிவிஷன்காரர்கள் பங்களா கேட்டைத் தாண்டியதே இல்லை. அங்கே வேலை செய்கிறவர்கள் முதல் டிவிஷன் ஆட்கள். அவர்களுக்குக் கம்பளி கிடைத்துவிட்டது, வாயும் மூடிக்கொண்டது. கேட்டைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனவர்கள், முன்வாசல் சாத்தியிருக்க, பின்வாசலைத் தேடிப் பூச்செடிப் பாத்தியைத் தாண்டி, பின்பக்கம் தண்ணீர்த் தொட்டிக்குப் போகும் மேட்டில் ஏறினார்கள். ஏறியதும் முன்னால் போனவர்கள் நின்றுவிட்டார்கள். பின்னால் வந்தவர்கள் அவர்கள் மேல் மோதி நின்றார்கள்.

மேட்டுத் தொட்டியிலிருந்து பங்களாவின் மூன்று குளியலறைகளுக்கும் இறங்கும் இரும்புக் குழாய்க்கு, தண்ணீர் உறையாமலிருக்க, மேலிருந்து கீழ்வரை கம்பளி சுற்றியிருந்தது. சிவப்புக் கரை போட்ட கறுப்புக் கம்பளி. மடிப்பு கலையாத புதுக் கம்பளி. நாலு வருஷத்துக் கம்பளி, ஒன்றன்மேல் ஒன்றாக, கயிறு போட்டு இறுக்கி. ஒவ்வொன்றின் மூலையிலும் வெள்ளை நூலில் 'டிவி. 3' என்று தைத்திருந்தது.

பிலோமினா முன்னால் போனாள். கம்பளிக்குள் கையை விட்டுக் குழாயைத் தொட்டுப் பார்த்தாள்.

"வெதுவெதுன்னு இருக்கு," என்றாள்.

அவள் குரல் அப்படியேதான் இருந்தது, எப்போதும் போலத் தாழ்ந்து, மன்னிப்புக் கேட்பதுபோல. ஆனால் அவள் காலடியில் பனி உருகியது. அவளுக்குப் பக்கத்தில் நின்றவளுடைய காலடியிலும் உருகியது; அடுத்தவள், அதற்கடுத்தவள் என்று அந்த மேடு முழுக்கத் தண்ணீர் சலசலத்து ஓடத் தொடங்கியது. நடுவில் ஆறிப்போய் நின்ற தவமணி சாக்கை நழுவவிட்டு, கைகளை நீட்டி, நாற்பத்தொரு பேரிடமும் குளிர் காய்ந்தாள்.

பிலோமினா முதல் முடிச்சில் கை வைத்தாள். கயிறு கருகிப் பிரிந்தது. சத்தம் கேட்டுத் தொரை நைட் டிரஸ்ஸோடு பின்வாசலுக்கு வந்தார். "ஏய், என்ன பண்றீங்க! கம்பளியை எடுத்தா தண்ணி ஒறைஞ்சு கொழாய் வெடிச்சுரும்!" என்று கத்தினார்.

பிலோமினா திரும்பி, இடுப்பு வளைத்து அவருக்கு ஒரு கும்பிடு போட்டாள்.

"வெடிக்கட்டுங்க தொர," என்று சொல்லிவிட்டு, அடுத்த முடிச்சுக்குப் போனாள்.